விரியன் என்னும் பெயர்

சென்னையிலிருந்து பூந்தமல்லி செல்லும் நெடுஞ்சாலையில் மதுரவாயலைக் கடந்ததும் வருவது வேலப்பன்சாவடி. வழிப்போக்கர் தங்கிச் செல்லும் இடத்துக்குச் சாவடி என்று பெயர். இன்று அங்கே அடுக்ககங்களும் கல்லூரிகளும் நிறைந்துள்ளன. முன்பு வயலாகவும் நீர்பிடிப்பாகவும் இருந்த நிலங்கள் மனைகளாகிவிட்டன. அருகிலுள்ள திருவேற்காட்டுக்கு 'விடந்தீண்டாப்பதி' என்றொரு பெயர் உண்டு. அவ்வூர் எல்லைக்குள் பாம்பு தீண்டி எவரும் இறப்பதில்லை என்பது வழிவழியாக வந்த நம்பிக்கை. அங்குள்ள கருமாரியம்மன் கோயிற் புற்றுக்கு வழிபாடு செய்யச் சுற்று வட்டாரத்து மக்கள் திரண்டு வருகின்றனர்.

புற்றை வணங்கிய கைகளே வீட்டுச் சுற்றுச்சுவரின் ஓரத்தில் ஒரு பாம்பைக் கண்டால் தடியைத் தேடுகின்றன. கூட்டத்தில் யாரேனும் ஒருவர் "விரியன்" என்று சொல்லிவிட்டால் போதும். அதற்குமேல் ஆராய்ச்சி இல்லை. அடிபட்டுக் கிடப்பது விரியன்தானா, எந்த விரியன், அதன் நஞ்சு உடலில் என்ன செய்யும் என்னும் வினாக்களை அந்த ஒரு சொல் அடைத்துவிடுகிறது. தமிழ் வழக்கில் 'விரியன்' என்னும் பெயர் ஒன்றோடொன்று தொடர்பில்லாத இருவேறு பாம்புக் குடும்பங்களைக் குறித்து நிற்கிறது. இந்த மயக்கம் சொல்லோடு நின்றுவிடுவதில்லை, உயிரையும் பறிக்கக்கூடியது.

முதலில் உண்மையான விரியன்களைப் பார்ப்போம். இவற்றின் மேல்தாடையின் முன்புறம் உட்குழலுடைய நீண்ட நச்சுப்பற்கள் இரண்டு உள்ளன. வாய் மூடியிருக்கும்போது அவை மடக்குக் கத்தியைப் போல் மடிந்து கிடக்கும்; கடிக்கும் நொடியில் நிமிர்ந்து தசைக்குள் ஆழ இறங்கும். முக்கோணத் தலை, குறுகிய கழுத்து, பருத்த உடல், திடீரெனச் சிறுத்த வால் ஆகியவை இக்குடும்பத்தின் பொது அடையாளங்கள்.

தமிழ்நாட்டுச் சமவெளியில் வாழும் விரியன்கள் இரண்டு. ஒன்று கண்ணாடி விரியன். அதன் முதுகில் சங்கிலிக் கண்ணிகளைப் போன்ற கரும்பழுப்பு வட்டங்கள் மூன்று வரிசையாக ஓடும். சினமுற்றால் அழுத்தச் சமையற்கலத்திலிருந்து ஆவி வெளிப்படுவது போன்ற பெருஞ்சீற்றம் எழுப்பும். எலியைத் தேடி வயலுக்கும் வைக்கோற்போருக்கும் வரும். வயல் மனையாகி, மனையின் ஓரம் குப்பைமேடானால், எலியைத் தொடர்ந்து அங்கும் வரும். பாம்பு ஊருக்குள் புகுந்துவிட்டது என்று புறநகர்வாசிகள் முறையிடுகின்றனர். பாம்பின் பக்கத்திலிருந்து பார்த்தால் முறையீடு வேறாக இருக்கும்.

மற்றொன்று சுருட்டை விரியன். இரண்டடிக்கு மேல் வளர்வது அரிது. வறண்ட, கல் நிறைந்த நிலமே அதற்கு உவப்பு. அச்சமுற்றால் உடலைப் பல வளைவுகளாகச் சுருட்டி, அரம் போன்ற பக்கச் செதில்களை ஒன்றோடொன்று உரசி ஒலி எழுப்பும். தலையின் மேல் பறவைக் காலடி போன்ற குறி இருக்கும். சிறியதுதானே என்று கருதிக் கையால் தள்ளியவர்கள் துன்பப்பட்டதுண்டு.

இவ்விரண்டும் முட்டையிடுவதில்லை, குட்டிகளை ஈனுபவை. கண்ணாடி விரியன் ஒரே ஈற்றில் இருபது முதல் நாற்பது குட்டிகள் வரை ஈனும். தாயின் வயிற்றைக் கிழித்துக்கொண்டே குட்டிகள் பிறக்கும் என்று நம் ஊர்களில் சொல்வதுண்டு. கிரேக்க வரலாற்றாசிரியர் எரோடோட்டசும் அரேபிய விரியன்களைப் பற்றி இதையே எழுதிவைத்தார். இரண்டும் கற்பனை. ஈன்ற தாய் நலமாக ஊர்ந்து செல்கிறது.

மேற்குத் தொடர்ச்சி மலையில் மூங்கில் விரியன், மலபார் குழிவிரியன் போன்றவை வாழ்கின்றன. கண்ணுக்கும் மூக்குத்துளைக்கும் இடையே அமைந்த குழியால், இருளிலும் இரையின் உடல்வெப்பத்தை உணர்பவை இவை. வேலப்பன்சாவடியில் இவற்றைத் தேட வேண்டியதில்லை.

இனி, பெயர் மயக்கத்துக்கு வருவோம். கட்டுவிரியன் விரியனே அன்று. நாகத்தின் குடும்பத்தைச் சேர்ந்தது. கருநீலம் மின்னும் உடலில் மெல்லிய வெண்கட்டுகள் அமைந்த பாம்பு அது. எட்டடி வைப்பதற்குள் உயிர் போய்விடும் என்னும் அச்சத்தால் அதை 'எட்டடி விரியன்' என்றும் அழைப்பர். விரியனின் நஞ்சு குருதியின் உறைதலைக் குலைக்கிறது. கடித்த இடம் வலியால் துடிக்கும், வீங்கும், ஈறுகளிலிருந்தும் குருதி கசியலாம், சிறுநீரகம் பழுதடையலாம். கட்டுவிரியனின் நஞ்சோ நரம்புக்கும் தசைக்கும் இடையிலான தொடர்பைத் துண்டிக்கிறது. கடிவாயில் வலியோ வீக்கமோ பெரும்பாலும் இராது. பற்குறிகூடக் கண்ணுக்குத் தெரியாமற் போகலாம். இரவில் தரையில் உறங்குபவரைக் கடித்துவிட்டுச் சென்றால், அவர் எறும்பு கடித்தது என்றெண்ணித் திரும்பப் படுத்துக்கொள்ளக் கூடும். சில மணி நேரத்தில் வயிற்றுவலி வரும், இமைகள் தாமாகச் சரியும், பேச்சு குழறும், பின்பு மூச்சுத் தசைகள் ஓயும்.

விரியன் கடித்தால் வீங்கும் என்று கேட்டு வளர்ந்த ஒருவர், வீக்கம் இல்லாததைக் கண்டு, கடித்தது விரியன் அன்று என அமைதியடைந்தால் என்ன ஆகும்? அவர் கேட்டு வளர்ந்தது பொய்யன்று; கட்டுவிரியன் அப்பெயருக்குள் நுழைந்ததே பிழை. ஆதலால் இப்பாம்பைக் 'கட்டுவரியன்' என்று எழுதும் வழக்கே ஏற்கத்தக்கது. வரிகளை உடையது வரியன். உருவத்துக்கும் பொருந்துகிறது, குடும்பத்தையும் பிரித்துக் காட்டுகிறது. மக்கள் நாவில் உள்ள பெயரை ஏட்டில் மாற்றுவதால் பயனில்லை என்பார் உளர். உண்மைதான், பெயர்கள் ஆணைக்குக் கட்டுப்படுவதில்லை. எனினும் பாடநூலும் மருத்துவமனைச் சுவரொட்டியும் ஒரே எழுத்தைப் பயன்படுத்தினால், ஒரு தலைமுறையில் நாவும் பழகும்.

இயற்கையும் நம் வகைப்பாட்டுக்கு முற்றிலும் அடங்கியதன்று. தென்னிந்தியாவிலும் இலங்கையிலும் கண்ணாடி விரியன் கடித்தவர்களுக்குச் சில வேளைகளில் இமை சரிவதும் உண்டு. எனவேதான் மருத்துவர்கள் பாம்பின் பெயரை மட்டும் நம்புவதில்லை. தூய கண்ணாடிக் குழாயில் சிறிது குருதியை எடுத்து, அசைக்காமல் இருபது மணித்துளி வைப்பர். அதன்பின் குழாயைச் சாய்க்கும்போது குருதி உறையாமல் ஓடினால், உறைதலைக் குலைக்கும் நஞ்சு உடலில் ஏறியிருப்பது தெரியும். நம் நிலப்பகுதியில் அது பெரும்பாலும் விரியனின் வேலையே.

இந்தியாவில் தரப்படும் நஞ்சுமுறி மருந்து நாகம், கட்டுவரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் ஆகிய நான்கின் நஞ்சுக்கும் பொதுவானது. கடித்த பாம்பைத் துரத்திச் சென்று அடித்து, பையில் போட்டு மருத்துவமனைக்குக் கொண்டுசெல்ல வேண்டிய தேவை எதுவும் இல்லை. அந்த வேட்டையில் இரண்டாமவரும் கடிபடுவதுண்டு. கடிவாயைக் கீறுவதும், வாயால் உறிஞ்சுவதும், கயிற்றால் இறுகக் கட்டுவதும் தீங்கையே பெருக்கும். கடிபட்ட உறுப்பை அசையாமல் வைத்து, 108ஐ அழைத்து, மருத்துவமனைக்கு விரைவதே செய்யத்தக்கது.

அந்த மருந்துக்கு வேண்டிய நஞ்சு எங்கிருந்து வருகிறது? அதன் பெரும்பகுதி மாமல்லபுரத்துக்கு அருகிலுள்ள வடநெம்மேலியிலிருந்து. 1972ஆம் ஆண்டின் வனவுயிர்ப் பாதுகாப்புச் சட்டத்துக்குப் பின் பாம்புத்தோல் வணிகம் நின்றபோது, அத்தொழிலை நம்பியிருந்த இருளர் பழங்குடியினர் வாழ்விழந்தனர். உரோமுலசு விட்டேக்கரின் துணையோடு 1978இல் அவர்களுக்கெனப் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம் உருவாயிற்று. பிடித்த பாம்பைச் சில வாரங்கள் வைத்திருந்து, நஞ்சை எடுத்தபின் காட்டில் விட்டுவிடுகின்றனர். அந்நஞ்சைச் சிறுசிறு அளவாகக் குதிரைகளின் உடலில் செலுத்தி, அவற்றின் குருதியில் உருவாகும் எதிர்ப்பொருளைப் பிரித்தெடுத்து மருந்தாக்குகின்றனர். இருளரான வடிவேல் கோபாலுக்கும் மாசி சடையனுக்கும் 2023இல் பத்மஸ்ரீ விருது வழங்கப்பட்டது. மண்ணில் பதிந்த தடத்தைக் கொண்டே எந்தப் பாம்பு சென்றது என்று சொல்லும் அவர்களின் அறிவு, பாடநூல்களில் இன்னும் உரிய இடத்தைப் பெறவில்லை.

அந்த அறிவில் சிறுபங்கு இருந்தாலும் எத்தனையோ உயிர்கள் பிழைக்கும். மண்ணுளிப் பாம்பு வகைகளுள் ஒன்றும் மலைப்பாம்பின் குட்டியும் கண்ணாடி விரியன் எனக் கருதப்பட்டு அடிபடுகின்றன. பூனைப் பாம்பு சுருட்டை விரியனாகிச் சாகிறது. நஞ்சற்ற ஓநாய்ப் பாம்பின் கட்டுகள் கழுத்துப்பக்கம் தெளிவாகவும் வால்பக்கம் மங்கியும் இருக்கும். கட்டுவரியனுக்கு அது தலைகீழ். இதை நினைவில் வைத்திருப்பது கடினமன்று. ஆனால் ஐயம் எழுந்தால் தள்ளி நின்று வனத்துறைக்கோ தீயணைப்புத் துறைக்கோ சொல்வதே முறை. அடையாளம் காணக் குனிந்து பார்ப்பது அறிவுடைமை ஆகாது.

இந்தியாவில் 2000 முதல் 2019 வரை பாம்புக்கடியால் ஏறத்தாழ 12 இலட்சம் பேர் இறந்தனர் என்று ஓர் ஆய்வு மதிப்பிட்டது. ஆண்டுக்குச் சராசரி 58,000. இது மதிப்பீடே ஒழிய எண்ணிக் கண்ட கணக்கன்று. வீட்டிலும் வழியிலும் நேரும் இறப்புகள் பல எந்தப் பதிவேட்டிலும் ஏறுவதில்லை. தமிழ்நாடு அரசு 2024 நவம்பரில் பாம்புக்கடியை அறிவிக்கை செய்யத்தக்க நோயாக்கியது. இனி ஒவ்வொரு கடியையும் மருத்துவமனைகள் அரசுக்குத் தெரிவிக்க வேண்டும். நள்ளிரவில் கடிபட்டவரைத் தூக்கிவரும் உறவினர் "விரியன்" என்று மட்டும் சொன்னால், பணியிலுள்ள மருத்துவர் அவரிடம் இன்னொரு வினாவைக் கேட்க வேண்டியிருக்கும்: சங்கிலி வட்டமா, வெண்கட்டா?