பெயர்த்தெடுக்க முடியாத அலமாரி

போன மாதம் எங்கள் பழைய வீட்டுக்குப் போக வேண்டியிருந்தது. முகவரி மாற்ற மறந்ததால் ஒரு முக்கியமான கடிதம் அங்கே போய்விட்டது. அது பொங்கோலில் நாங்கள் வாங்கிய பிடிஓ வீடு. ஐந்தாண்டு குறைந்தபட்சக் குடியிருப்புக் காலம் முடிந்ததும் விற்றுவிட்டு, ஈசூனில் அம்மா வீட்டுக்கு அருகே நாலறை மறுவிற்பனை வீடு வாங்கியிருக்கிறோம்.

புளோக்கின் கீழே ஒரு லாரி நின்றது. அதில் குவிந்திருந்த உடைந்த பலகைகளில் ஒன்றைப் பார்த்ததும் கால் நின்றுவிட்டது. இளஞ்சாம்பல் நிறம். உள்பக்கத்தில் என் மகன் ஒட்டிய டைனோசர் படம் அப்படியே இருந்தது. எங்கள் படுக்கையறை அலமாரி! நிறம் தேர்ந்தெடுக்கவே நானும் கணவரும் இரண்டு வாரம் சண்டை போட்டோம். விலை ஏழாயிரம் வெள்ளி.

“இதைப் பேர்த்தெடுக்க எவ்வளவு நேரமாச்சு தம்பி?” என்று லாரி அருகே நின்ற ஊழியரிடம் கேட்டேன்.

“காலையில ஆரம்பிச்சோம்க்கா. டீ குடிக்கப் போறதுக்குள்ள முடிஞ்சிருச்சு” என்றார்.

வானொலியில் வாராவாரம் “கடைக்குப் போகும்போது துணிப்பை எடுத்துட்டுப் போங்க” என்று சொல்கிறவள் நான். அந்த லாரிக்கு ஈடாக எத்தனை துணிப்பை தூக்க வேண்டும் என்று யோசித்துக்கொண்டே வீடு திரும்பினேன்.

சுவரோடு சேர்த்துச் செய்யும் அலமாரியை ஏன் இன்னொரு வீட்டுக்குக் கொண்டுபோக முடிவதில்லை? அது அந்த ஒரு சுவரின் அளவுக்கே வெட்டப்பட்டது. பிளைவுட் அல்லது மரத்தூள் பலகை, அதன்மேல் பசை, பசையின்மேல் லேமினேட், ஆங்காங்கே ஆணி. கழற்றினால் ஓரம் பிய்ந்துவிடும். மரம், பசை, பிளாஸ்டிக் எல்லாம் ஒன்றாக ஒட்டியிருப்பதால் மறுசுழற்சி செய்வதும் கடினம். பெரும்பாலும் எரியாலைக்குத்தான் போகும். எரித்த சாம்பல் செமாக்காவ் தீவுக்கு. 1999ல் திறக்கப்பட்ட அந்தக் கழிவு நிரப்புநிலம், இப்போதைய வேகத்தில் போனால் 2035 வாக்கில் நிரம்பிவிடும் என்கிறார்கள். நமக்கு வேறு நிரப்புநிலமும் இல்லை.

அந்தப் பசையில் இன்னொரு விஷயமும் இருக்கிறது. பலகைகளை ஒட்டப் பயன்படும் பல பசைகளிலிருந்து ஃபார்மால்டிஹைட் என்ற வாயு கசியும். புதுவீட்டுக்குள் நுழைந்ததும் கண் எரிகிறதே, அதற்கு இதுவும் ஒரு காரணம். வீட்டுக்குள் பூசும் சாயங்களில் இந்த ரசாயனத்துக்குச் சிங்கப்பூர் 2026 ஜனவரி முதல் தேதியிலிருந்து தடை விதித்திருக்கிறது. ஆனால் சாயத்தை மட்டும் மாற்றிவிட்டு, நான்கு சுவரிலும் பலகை அடித்தால் என்ன பயன்?

ஈசூன் வீட்டுக்கு வந்த உள்ளலங்கார வடிவமைப்பாளர் ஒரு தமிழ் இளைஞர், கெட்டிக்காரர். கணினியில் முப்பரிமாணப் படம் காட்டினார். மூங்கில் பலகை, மறுசுழற்சிக் கண்ணாடி, எல்லாம் ‘பசுமை’ப் பொருள். “பழசை எல்லாம் எடுத்துட்டுப் புதுசா போட்டுடலாம்க்கா” என்றார். நானும் தலையாட்டிக்கொண்டுதான் இருந்தேன்.

அம்மா மட்டும் படுக்கையறைத் தரையில் உட்கார்ந்து, ஈரத்துணியால் ஒரு மூலையைத் துடைத்துக்கொண்டிருந்தார். “இங்க வந்து பாரு. தேக்கு மாதிரி இருக்கு. முப்பது வருஷத்துக்கும் மேல கிடக்குது, ஒரு கட்டைகூட ஆடல. இதை எதுக்கு எடுக்கணும்?”

எண்பதுகளில் கட்டிய பல வீவக வீடுகளின் படுக்கையறைகளில் இப்படிச் சிறுசிறு மரக்கட்டை பதித்த தரையைப் பார்க்கலாம். மேற்பரப்பை இழைத்து வார்னிஷ் பூசினால் புதிதாகிவிடும். வடிவமைப்பாளரும் குனிந்து பார்த்துவிட்டுச் சிரித்தார். “அம்மா சொல்றது சரிதான்க்கா. யாரும் கேக்கிறதில்ல, அதான் நானும் சொல்றதில்ல” என்றார்.

அவர் சொன்னதில்தான் விஷயம் இருக்கிறது. எந்தப் பொருள் பசுமையானது என்று நாம் துருவித் துருவிக் கேட்கிறோம். எதை இடிக்காமல் விடலாம் என்று கேட்பதில்லை. ஏற்கெனவே இருக்கும் தரைக்குப் புதிதாக ஒரு மரத்தையும் வெட்ட வேண்டியதில்லை.

வீடு புதுப்பிக்கப் போகிறவர்களுக்கு, நான் தாமதமாகக் கற்றுக்கொண்ட மூன்று பாடங்கள்:

பிடிஓ வீட்டுக்குக் காத்திருப்பவர்கள், தரை ஓடு, உட்கதவு போன்றவற்றை வீவக போட்டுத் தர வேண்டுமா என்று முடிவெடுக்கும்போது நன்றாக யோசியுங்கள். “பிறகு மாத்திக்கலாம்” என்று வாங்கி, சாவி கிடைத்ததும் உடைக்காதீர்கள். எப்படியும் புதுவீட்டுக் குளியலறையின் தரை, சுவர் ஓடுகளை முதல் மூன்றாண்டுக்கு மாற்ற அனுமதி இல்லை.

மறுவிற்பனை வீடு என்றால், குத்தகையாளரிடம் விலை கேட்கும் முன் அறை அறையாக நடந்து, ‘இது இருக்கட்டும்’ என்று ஒரு பட்டியல் போடுங்கள். இடிப்பதற்கும் ஏற்றிச் செல்வதற்கும் நீங்கள்தான் காசு கொடுக்கிறீர்கள்.

சுவரோடு செய்யும் ஒவ்வொரு பொருளுக்கும் ஒரு கேள்வி: வீடு மாறினால் இது கூட வருமா? சமையலறைக்கு வேறு வழியில்லாமல் போகலாம். துணி அலமாரிக்கும் தொலைக்காட்சி மேடைக்கும் நிச்சயம் வழி உண்டு.

எங்கள் புதுவீட்டில் இப்போது தனியாக நிற்கும் மர அலமாரிதான். அண்டைவீட்டார் ஒருவர் விற்றது, முந்நூறு வெள்ளி. சுவருக்கும் அதற்கும் நடுவே நான்கு விரல் இடைவெளி இருக்கிறது. முப்பரிமாணப் படத்தில் இருந்ததுபோல் கச்சிதமாக இல்லைதான். தூசு சேர்கிறது, வாரம் ஒருமுறை கூட்ட வேண்டியிருக்கிறது.

மகன் கதவின் உள்பக்கத்தில் மறுபடி டைனோசர் ஒட்டிவிட்டான். இந்தமுறை நான் திட்டவில்லை. நாங்கள் எங்கே போனாலும் அதுவும் கூட வரும்.