செடிக்குத் துத்தநாகம், தொழிலாளிக்கு?

பொழுது புலருமுன் போடிநாயக்கனூர் முந்தல் சாலையில் போய் நின்று பாருங்கள். ஜீப்பின் பின் ஜீப்பாக, ஆள்மேல் ஆளாக, ஆணும் பெண்ணும் ஏலத்தோட்டத்துக்கு மலையேறுகிறார்கள். வேலை போடிமெட்டுக்கு அப்பால், பூப்பாறையிலும் சாந்தன்பாறையிலும் ராஜகுமாரியிலும், கேரள எல்லைக்குள்ளே. இரவில் தலைசாய்ப்பது தமிழ்நாட்டிலே. கூலியைப் பற்றியும் ஜீப்பு கவிழ்வதைப் பற்றியும் பலமுறை எழுதியாகிவிட்டது. இன்று நாம் எழுத வந்தது கண்ணுக்குத் தெரியாத ஒரு விஷயத்தைப் பற்றி.

அதே மலையில் மைலாடும்பாறையில் இந்திய ஏலக்காய் ஆராய்ச்சி நிலையம் இருக்கிறது. 1978-ல் ஏற்பட்டது. அங்கே விஞ்ஞானிகள் மண்ணைச் சோதிக்கிறார்கள். துத்தநாகம் குறைவு என்றால் துத்தநாக சல்பேட்டைக் கரைத்து இலையில் தெளிக்கச் சொல்கிறார்கள். போரான் குறைவு என்றால் அதற்கும் வழி சொல்கிறார்கள். நல்ல காரியம்; செடிக்குக் கிடைக்கும் கவனிப்பில் நமக்குப் பொறாமை இல்லை. காய் உலர்ந்து போடிக்கு ஏலத்துக்கு வருகிறது. கடல் கடந்து போகும் காயில் பூச்சிமருந்தின் எச்சம் எவ்வளவு என்று ஆய்வுக்கூடத்தில் வைத்துப் பார்க்கிறார்கள். மண்ணுக்குச் சோதனை! காய்க்குச் சோதனை! அந்தக் காயை எடுத்த பெண்ணின் உடம்பில் என்ன குறைந்திருக்கிறது, செடிக்கு மருந்தடித்தவனின் நெஞ்சில் என்ன படிந்திருக்கிறது? அதைச் சோதித்தவர் யார்?

துத்தநாகம், செம்பு, அயோடின் என்றெல்லாம் சொல்கிறீர்களே, அவை பட்டறைக்கும் மருந்துக்கடைக்கும் உரியவை அல்லவா என்று தோழர்கள் கேட்கக்கூடும். அல்ல. ஓர் ஆளின் உடம்பிலுள்ள செம்பு முழுவதையும் திரட்டித் தட்டானின் தராசில் வைத்தால் ஏறக்குறைய ஒரு குண்டுமணி எடை தேறும். அயோடின் அந்தக் குண்டுமணியில் ஐந்தில் ஒரு பங்குகூட இராது. 15 முதல் 20 மில்லிகிராம்தான். ஆனால் அந்தத் துளி இல்லையென்றால் தைராய்டு சுரப்பி வேலை செய்யாது. சுரப்பி வீங்கிக் கழுத்தில் கழலை தள்ளும். அதுகூடப் பெரிதல்ல. கருவுற்ற தாய்க்கு அயோடின் போதாவிட்டால் வயிற்றிலுள்ள பிள்ளையின் மூளை வளர்ச்சி குன்றுகிறது. பள்ளிக்கூடத்தில் "மக்கு" என்று பெஞ்சியின்மேல் ஏற்றி நிறுத்தப்படும் பிள்ளை, பிறக்கும் முன்பே வஞ்சிக்கப்பட்ட பிள்ளையாகவும் இருக்கலாம்.

இந்தத் துளிகள் எங்கிருந்து வருகின்றன? மண்ணிலிருந்தும் நீரிலிருந்தும். அயோடினின் பெரிய களஞ்சியம் கடல். கடற்காற்றிலும் மழையிலும் கொஞ்சம் கொஞ்சமாக நிலத்துக்கு வந்து சேருகிறது. மலைச்சரிவில் என்ன நடக்கிறது? அடைமழை மண்ணை அலசுகிறது, வந்ததும் போய்விடுகிறது. இமயத்தின் அடிவாரத்திலும் ஆல்ப்ஸ் மலையிலும் தலைமுறை தலைமுறையாகக் கழலை நோய் குடியிருந்ததற்கு இதுவே காரணம். நம்முடைய மலையின் பாறைக்கு சார்னோக்கைட் என்று பெயர். நியூட்ரினோ ஆய்வகம் என்று ஆண்டுக்கணக்கில் பேச்சு நடந்த பொட்டிபுரம் மலையும் அதே பாறைதான். பாறைக்குள் குகை குடைவதைப் பற்றி நாடெங்கும் பேசினார்கள். பாறைமேல் கிடக்கும் மண் மனிதனுக்கு என்ன தருகிறது, என்ன தரவில்லை என்று பேசினவர்கள் சிலரே.

உள்ளதைச் சொல்லவேண்டும். போடிக்காரன் உண்ணும் அரிசி இன்று எங்கெங்கிருந்தோ வருகிறது. ஆகையால் மலைமண்ணின் குறை அப்படியே உடம்புக்கு வந்துவிடும் என்று நாம் சொல்லவில்லை. ஆனால் அரிசியில் அயோடின் எங்கே விளைந்தாலும் சொற்பமே. கூலி ஆளுக்கு மீனும் முட்டையும் பாலும் நாள்தோறும் கிடைப்பதில்லை. மலையில் வயிற்றை நிரப்பும் கப்பைக்கிழங்கு வேறு இருக்கிறது. அதிலிருந்து உடம்பில் உண்டாகும் ஒரு ரசாயனம், உள்ள அயோடினையும் சுரப்பிக்குள் போகவிடாமல் தடுக்கிறது. அயோடின் போதுமான அளவு இருந்தால் கப்பை தீங்கு செய்யாது; இல்லாதபோது குறையைப் பெரிதாக்கும்.

மாற்று உண்டா? உண்டு, மிக மலிவானது. 1956-ல் டாக்டர் வி. ராமலிங்கசுவாமியும் அவருடைய சகாக்களும் காங்க்ரா பள்ளத்தாக்கில் ஒரு பரிசோதனை தொடங்கினார்கள். பள்ளத்தாக்கை மூன்று பகுதியாகப் பிரித்தார்கள். இரண்டு பகுதிகளுக்கு அயோடின் கலந்த உப்பு. நடுவிலிருந்த பகுதிக்குச் சாதாரண உப்பு. ஆறு ஆண்டுகளில் உப்பு மாறிய இரு பகுதிகளிலும் பிள்ளைகளின் கழலை பாதியளவுக்குக் குறைந்தது. நடுப்பகுதியில் குறையவே இல்லை. பிறகு அங்கும் அயோடின் உப்பு கொடுத்தார்கள், அங்கும் குறைந்தது. ஊசி இல்லை, ஆஸ்பத்திரி இல்லை, உப்பு ஒன்றுதான்! 1962-ல் மத்திய சர்க்கார் தேசியக் கழலைத் தடுப்புத் திட்டத்தைத் தொடங்கியதற்கு இந்தப் பரிசோதனையே ஆதாரம். பிற்பாடு சோதித்த 414 மாவட்டங்களில் 337-ல் இந்தக் குறை இருப்பது தெரிந்தது. இமயமலை நோய் என்று ஒதுக்கிவைத்தது தேசத்தின் நோயாகிவிட்டது.

இனி வெட்கப்படவேண்டிய செய்திக்கு வருவோம். 2018-19-ல் நடந்த இந்திய அயோடின் ஆய்வில், போதிய அயோடின் உள்ள உப்பைப் பயன்படுத்தும் வீடுகள் நாடு முழுவதற்கும் நூற்றுக்கு 76. தமிழ்நாட்டில் 62கூட நிரம்பவில்லை, 61.9. எல்லா மாநிலங்களிலும் கடைசி இடம்! தூத்துக்குடி உப்பளங்களில் காலில் புண்ணோடு உப்பு வாரி ஊருக்கெல்லாம் அனுப்பும் தமிழ்நாடு, தன் வீட்டு உலையில் குறையுள்ள உப்பைப் போடுகிறது.

"கடல் உப்பில் அயோடின் இருக்காதா, கல்லுப்பு போதாதா?" என்று தாய்மார்கள் கேட்கிறார்கள். நியாயமான கேள்வி. கடல்நீர் காய்ந்து உப்பாகும்போது அதிலுள்ள சொற்ப அயோடினும் பெரும்பாலும் உப்பில் தங்குவதில்லை. பிறகு கலந்தால்தான் உண்டு. கல்லுப்பிலும் கலக்கலாம், கலக்காமல் விற்பதுதான் குற்றம். உண்பவர் கைக்கு வரும்போது பத்து லட்சத்துக்குப் பதினைந்து பங்காவது இருக்கவேண்டும் என்பது விதி. நாளொன்றுக்குப் பத்து கிராம் உப்பு சேர்ந்தால் ஓர் ஆளுக்கு வேண்டிய 150 மைக்ரோகிராம் வந்துவிடும்.

இன்னொரு ஆட்சேபம் நம் பக்கத்திலிருந்தே வருகிறது: இது பொட்டல உப்பு விற்கும் பெருமுதலாளிக்காகச் செய்த சூழ்ச்சி, சிறு உப்பளத்தானை ஒழிக்கும் சட்டம் என்று. இந்தக் கூச்சலுக்கு இடையே 1997-ல் அயோடின் கலக்காத உப்புக்குத் தடை வந்தது. 2000-ல் தடை போயிற்று. 2005-ல் திரும்ப அறிவித்து 2006-ல் அமலாக்கினார்கள். முதலாளி லாபம் பார்க்கிறான் என்பதில் சந்தேகமில்லை. அவன் எதில்தான் பார்க்கவில்லை? அதற்காகப் பிள்ளையின் மூளையைப் பணயம் வைக்க முடியாது. சிறு உப்பளத்தாருக்குக் கூட்டுறவு முறையில் கலக்கும் இயந்திரம் கொடு என்று கேட்பதே நம் நிலை. ராமநாதபுரம் வாலிநோக்கத்தில் தமிழ்நாடு உப்புக் கழகம் என்ற சர்க்கார் நிறுவனமே அயோடின் உப்பு செய்கிறதே! அது ரேஷன் கடையில் மாதந்தவறாமல், மலையடிவாரக் கடைசிக் கிராமம் வரையில் வந்து சேரவேண்டும்.

குறைவு ஒருபுறம், மிகுதி மறுபுறம். 1937-ல் நெல்லூர் வட்டாரத்தில் கிணற்று நீரிலுள்ள புளோரைடு எலும்பை முறுக்குவதைக் கண்டு எழுதினவர்கள் ஷார்ட், பண்டிட், ராகவாச்சாரி ஆகியோர். தர்மபுரி, கிருஷ்ணகிரி மக்கள் கறைபடிந்த பல்லோடு காத்திருந்தார்கள். ஒகேனக்கல் குடிநீர் 2013-ல்தான் வந்தது.

மலைமேல் மிகுதி என்பது செம்பு. மழைக்காலத்தில் ஏலத்துக்கு அழுகல் வரும். துருசு ஒரு கிலோ, சுண்ணாம்பு ஒரு கிலோ, தண்ணீர் நூறு லிட்டர் கலந்து அடிப்பார்கள். போர்டோ கலவை என்று பெயர். 1880-களில் பிரான்சின் திராட்சைத் தோட்டங்களில் பிறந்தது. செம்பு மக்கிப்போகும் பொருளல்ல. அடித்தது மேல்மண்ணில் ஆண்டுக்கு ஆண்டு சேரும். ஐரோப்பிய ஒன்றியம் 2019 முதல் எக்டருக்கு ஏழு ஆண்டுகளில் 28 கிலோவுக்குமேல் செம்பு கூடாது என்று கட்டுப்படுத்தியிருக்கிறது. அடிக்கிற மனிதன்? போர்ச்சுகல் நாட்டில் திராட்சைக்கு இதே கலவையை ஆண்டுக்கணக்கில் அடித்த தொழிலாளிகளின் நுரையீரலில் செம்பு படிந்து தழும்பேறியிருந்ததை 1969-ல் மருத்துவர்கள் எழுதிவைத்தார்கள். மூச்சு முட்டும், இருமல் விடாது. நம் மலையில் மருந்தடிப்பவன் முகத்தில் ஒரு துண்டைக் கட்டிக்கொண்டு நிற்கிறான். இருமல் வந்தால் "பீடி குடிக்காதே" என்று சொல்லி அனுப்புகிறார்கள். பீடியை விடத்தான் வேண்டும். ஆனால் என்ன வேலை செய்கிறாய் என்று ஒரு வார்த்தை கேட்டால் என்ன குறைந்துவிடும்?

செடிக்குத் தெளிக்கும் துத்தநாகம் மனிதனுக்கும் வேண்டும். 1958-ல் ஈரானில் பிகாரைச் சேர்ந்த டாக்டர் ஆனந்த பிரசாத், இருபத்தொரு வயதில் பத்து வயதுப் பிள்ளைபோல் வளராமல் நின்ற ஒருவனைக் கண்டார். ரொட்டியைத் தவிர வேறு அதிகம் அறியாத ஏழை. துத்தநாகக் குறையே காரணமாக இருக்கும் என்று அவர் ஊகித்தது பின்னர் மெய்யாயிற்று. இன்று வயிற்றுப்போக்கு வந்த குழந்தைக்கு உப்புச்சர்க்கரைக் கரைசலோடு துத்தநாக மாத்திரையும் பத்து முதல் பதினான்கு நாள் கொடுக்கவேண்டும் என்பது உலகச் சுகாதார நிறுவனத்தின் 2004-ஆம் ஆண்டு யோசனை. ஏலச்செடிக்குத் தெரிந்த விஷயம் எத்தனை வீட்டுக்குத் தெரியும்?

வேலை ஒரு மாநிலத்தில், வீடு ஒரு மாநிலத்தில் என்பதால் இரண்டு சர்க்காரும் கைகழுவிக்கொள்ள இடமிருக்கிறது. ஆகவே கோரிக்கை இரண்டு பக்கமும் போகவேண்டும். மருந்தடிப்போருக்கு முகக்கவசமும் ஆண்டுக்கொருமுறை நெஞ்சுப் பரிசோதனையும் தோட்டத்தார் செலவில்; அடிவாரக் கிராமங்களில் பள்ளிப்பிள்ளைகளுக்குக் கழுத்துப் பரிசோதனையும் குடிநீர்ச் சோதனையும் சர்க்கார் செலவில்.

உப்பைச் சோதிக்க யாருக்காகவும் காத்திருக்கவேண்டியதில்லை. சுகாதாரத் துறையிடம் சிறிய சோதனைப் புட்டி உண்டு. உப்பின்மேல் இரண்டு சொட்டு விட்டால் அயோடின் இருக்குமிடத்தில் நீலம் ஏறும். ஆரம்பச் சுகாதார நிலையத்தில் கேட்டு வாங்குங்கள். ஞாயிற்றுக்கிழமை ஜீப்பு ஓடாத நேரத்தில், முந்தலிலும் குரங்கணியிலும் தேவாரத்திலும் வீட்டுக்கு ஒரு சிட்டிகை உப்பு வாங்கிச் சோதித்து, நீலம் ஏறாத உப்பு எந்தக் கடையில் வாங்கியது என்று ஒரு நோட்டில் குறித்து, உணவுப் பாதுகாப்பு அலுவலரிடம் கையெழுத்துப் போட்டுக் கொடுங்கள். நகல் ஒன்று நமக்கும் அனுப்புங்கள்.