மறைத்துவைத்த நீதி நீதியாகாது

லண்டன் அரங்கில் 1983இல் தொடங்கி ஏறத்தாழ 9 ஆண்டுகள் ஓடிய நகைச்சுவை நாடகம், ரே கூனி எழுதிய ‘ரன் ஃபார் யுவர் வைஃப்’. டாக்ஸி ஓட்டுநர் ஒருவனுக்கு விம்பிள்டனில் ஒரு மனைவி, ஸ்ட்ரெத்தமில் இன்னொரு மனைவி. ஒருவரை ஒருவர் அறியார். நேர அட்டவணை வகுத்து இரு வீடுகளுக்கும் மாறிமாறிச் செல்கிறான். தலையில் அடிபட்டு மருத்துவமனைக்குச் செல்ல நேர்ந்ததும் அட்டவணை குலைகிறது. காவலர்கள் விசாரிக்க வருகின்றனர். பொய்க்கு மேல் பொய். துணைக்கு ஓர் அண்டை வீட்டு நண்பன். அவையோர் வயிறு குலுங்கச் சிரிக்கின்றனர்.

நம்மைச் சிந்திக்க வைப்பது அந்த அட்டவணையே. மனைவியரிடையே இரவுகளைச் சமமாகப் பங்கிடுமாறு மார்க்கச் சட்டமும் பணிக்கிறது. ஆயின் அவன் நீதியாளனா? இல்லை. தன் பங்கு இன்னதென்று அறியாதவள், அது குறையும்போது எவ்வாறு கேட்பாள்?

நபி (ஸல்) அவர்களுடைய துணைவியரின் அறைகள் மதீனாப் பள்ளிவாசலை ஒட்டியே இருந்தன. ஆயிஷா (ரலி) அவர்களின் முறை நாளை அறிந்து மக்கள் அன்பளிப்பு அனுப்பினர். அங்கே ஒளிவுமறைவு இல்லை. நிகாஹுக்குச் சாட்சிகளும், வலீமா விருந்தும் மணவாழ்வை ஊரறியச் செய்வதற்கே.

ஆனால் வெளியூரில் இரகசியமாக மறுமணம் முடித்துவிட்டு, அதற்கு ‘சுன்னத்’ என்று பெயர் சூட்டுவோர் நம்மிடையேயும் உளர். முதல் மனைவியின் சம்மதம் நிகாஹ் நிறைவேற நிபந்தனை அன்று என்பர். உண்மையே. எனினும் நிபந்தனை இல்லை என்பது பொய் சொல்ல அனுமதி ஆகாது. நீதி செலுத்த இயலாதென அஞ்சுவோர் ஒருத்தியோடு நின்றுவிட வேண்டும் என்பதே குர்ஆனின் கட்டளை.

நாடகத்திற்குத் திரை விழுந்துவிடும். வாழ்க்கையில் உண்மை பலவேளை ஜனாஸாவன்றே வெளிப்படுகிறது. பிள்ளைகள் இருப்பின் மனைவியருக்குரிய 1/8 பங்கு, அவர்கள் எத்தனை பேராயினும் அவர்களிடையே சமமாகப் பிரியும். மறைக்கப்பட்டவளோ அன்று தான் மனைவி என்பதையே மெய்ப்பிக்க வேண்டியவளாகிறாள். அவள் குழந்தைகள் தம் தந்தை யாரென்று நிறுவ வேண்டியவர்களாகின்றனர்.

எனவே, வெளியூர் மணமகனுக்கு நிகாஹ் பதியுமுன் அவருடைய மஹல்லா ஜமாஅத்தில் விசாரித்துக் கடிதம் பெறுவோம். முந்தைய மணம் இருப்பின் இரு வீட்டாருக்கும் தெரிவிப்போம். பெண்ணைப் பெற்றோரே, கேட்கத் தயங்காதீர். நண்பர்களே, மறைப்பவனுக்குத் துணைப்பொய் சொல்லாதீர்.

அல்லாஹ் நம் இல்லங்களை வாய்மையால் நிரப்புவானாக. ஆமீன்.