மச்சினி ஏன் ஊரை விட்டுப் போக வேண்டும்?

மனைவியின் தங்கை மீது கணவனுக்கு மனம் போனால், அந்தப் பெண்ணை வேறு ஊருக்கு அனுப்பிவிட வேண்டும் என்கிறார்கள். மச்சினி முறைதானே, கேலி பேசுவது வழக்கம்தானே, சட்டமும் தடுக்கவில்லையே, அவன் மேல் என்ன தப்பு என்பது அவர்கள் வாதம். இதை நான் ஏற்கவில்லை.

முதலில் சட்டம். மலேசியாவில் முஸ்லிம் அல்லாதோருக்கான 1976ஆம் ஆண்டுத் திருமண, மணவிலக்குச் சட்டம் மனைவியின் தாயையோ மகளையோ மணக்கத் தடை விதிக்கிறது. மணவிலக்குப் பெற்ற பிறகும் அந்தத் தடை நீங்காது. மச்சினி அந்தத் தடையில் வரமாட்டாள், உண்மைதான். ஆனால் அதே சட்டம் நடப்புக்கு வந்த 1982 மார்ச் 1 முதல், மனைவி இருக்க இன்னொருத்தியைக் கட்டினால் அது செல்லாது. அக்காள் தங்கை இருவரையும் கட்டிக்கொண்ட பழைய தாத்தாக்களை இங்கே இழுக்காதீர்கள்.

வீட்டில் இடநெருக்கடி என்பதும் மனம் தவறக் காரணமாகாது. புக்கிட் ரோத்தான், ஈஜோக் தோட்ட லயங்களில் ஒரே கூரையின் கீழ் மாமியார், மச்சினி, மருமகன் எல்லோரும் இருந்தார்கள், மானமாகத்தான் வாழ்ந்தார்கள்.

மனதில் தோன்றியது குற்றமில்லை. அதை மச்சினியிடம் சொல்வதும் ஜாடை காட்டுவதும்தான் குற்றம். கணவன் கேலியை நிறுத்தட்டும். அவளை மோட்டாரில் தனியாக ஏற்றிப் போவதை, இரவு வாட்ஸ்அப் அனுப்புவதை நிறுத்தட்டும். மனம் அடங்காவிட்டால் ரகசியம் காக்கும் நண்பரிடமோ மனநல ஆலோசகரிடமோ பேசட்டும். அவள் வீட்டுக்கு வரும் நாளில் வெளியே போக வேண்டியவன் அவன். அவள் எதற்காக அக்காள் வீட்டை இழக்க வேண்டும்?