ஆட்கொணர்வு மனுவும் பெற்ற மனமும்

ஆட்கொணர்வு மனு என்றதும் நம்மவர் நெஞ்சம் துணுக்குறும். போரின்போதும் அதன் பின்பும் காணாமற்போன மக்களைத் தேடித் தாய்மார் பலர் அம்மனுவுடன் நீதிமன்றப் படியேறினர். பிள்ளை எங்கே என்பதே அவர்தம் கேள்வி. ஆனால், பிள்ளை எங்கே, எவருடன் வாழ்கிறாள் என்பதை நன்கறிந்த பெற்றோரும் இதே மனுவை நாடுவதுண்டு. வயது வந்த மகள் தம் விருப்பத்துக்கு மாறாக மணஞ்செய்துகொண்டாள் என்பதே அங்கு உண்மையான முறைப்பாடு.

அயல்நாடாகிய இந்தியாவில் நிகழ்ந்த வழக்கொன்றை இவ்வாரம் நோக்குவோம். கேரளத்து வைக்கத்தைச் சேர்ந்த யுவதி ஒருத்தி, சேலத்தில் ஹோமியோபதி வைத்தியம் பயின்றாள். இந்துவாகப் பிறந்த அவள் இஸ்லாத்தைத் தழுவினாள். 2016 ஜனவரியில் தந்தை மனுச் செய்தார். தன்னை எவரும் தடுத்து வைக்கவில்லை என்று மகள் கூறவே, நீதிமன்றம் அவளை அவள் விருப்பத்துக்கு விட்டது. மகள் வெளிநாட்டுக்குக் கொண்டுசெல்லப்படலாம் என்றஞ்சிய தந்தை, அவ்வாண்டு ஆகஸ்டில் மீண்டும் மனுச் செய்தார். அவ்வழக்கு நடந்துகொண்டிருக்கையிலேயே, டிசம்பரில் அவள் முஸ்லிம் இளைஞர் ஒருவரை மணந்தாள். 2017 மே 24 ஆம் நாள் கேரள உயர் நீதிமன்றம் அம்மணம் செல்லாதெனத் தீர்த்து, அவளைப் பெற்றோரிடம் ஒப்படைத்தது. 24 வயதுப் பெண் எளிதில் பிறர் வசப்படக்கூடியவள் என்பது நீதிபதிகளின் கருத்து.

நோயாளியின் உடலை நம்பி ஒப்படைக்கத் தக்கவள் என்று கல்லூரி பயிற்றிய ஒருத்திக்குத் தன் துணையைத் தெரியும் அறிவில்லை என்பது எவ்வகை நியாயமோ, நாமறியோம். அன்றியும், இம்மனு எதற்காகத் தோன்றியது? 1679 இல் இங்கிலாந்தில் இதற்கெனச் சட்டம் இயற்றப்பட்டது, காரணமின்றி அடைபட்டவரின் கதவைத் திறப்பதற்கே. வைக்கத்திலோ அதே மனு கதவை அடைத்தது. ஏறக்குறைய ஆறு மாதம் அவள் பொலிஸ் காவலில் பெற்றோர் வீட்டிலேயே இருந்தாள்.

2017 நவம்பர் 27 இல் உச்ச நீதிமன்றம் அவளை நேரில் அழைத்து, வேண்டுவது யாது என வினவியது. சுதந்திரம் வேண்டும் என்றாள். பயிற்சியை நிறைவுசெய்யச் சேலத்துக்கு அனுப்பப்பட்டாள். 2018 மார்ச் 8 இல் அவளது திருமணம் செல்லும் எனத் தீர்ப்பாயிற்று. ஒருவர் சட்டவிரோதமாக அடைபட்டுள்ளாரா என்பதையே ஆட்கொணர்வு மனுவில் ஆராயலாம். வயது வந்தவர் தம் விருப்பத்தைக் கூறிய பின், அவரது திருமணத்தை அழிக்க அங்கு அதிகாரமில்லை என்பதே தீர்ப்பின் சாரம். குற்றம் ஏதும் உண்டெனில் அதனைப் புலனாய்வோர் தனியே ஆராயலாம் என்றும் நீதிமன்றம் கூறியது.

அத்தந்தையை நாம் எள்ளி நகையாடோம். வளர்த்த மகள் வேறு சமயம் புகுந்து, சொல்லாமல் மணமுடித்தால் எந்த இந்துத் தந்தைக்கும் வயிறு எரியவே செய்யும். நம் நண்பர் ஒருவர், தாமும் பெண்ணைப் பெற்றவர், இவ்வழக்கைப் பற்றி நாம் பேசுகையில் சினந்து, "அவள் தெரிவு பிழையாய்ப் போனால் யார் பொறுப்பு?" என்று வினவினார். பிழையானால் அவள் திரும்பி வரவேண்டிய வீடு எது என்று நாம் கேட்டோம். தன்மீது வழக்காடிய தந்தையின் வாசலை அவள் எந்த முகத்துடன் மிதிப்பாள்? நண்பர் மறுமொழி கூறவில்லை.

2023 டிசம்பரில் அத்தந்தை மறுபடியும் ஆட்கொணர்வு மனுச் செய்தார். மகள் எவராலும் சட்டவிரோதமாகத் தடுத்து வைக்கப்படவில்லை எனக் கண்டு, கேரள உயர் நீதிமன்றம் அதனையும் முடித்துவைத்தது.