காய் நகர்த்தும் கை வேறு. பணம் கட்டும் கை வேறு

2024 டிசம்பர் 12ஆம் நாள், சீனத்தின் டிங் லிரெனைச் சிங்கப்பூரில் வென்று, சென்னையில் பிறந்து வளர்ந்த குகேஷ் உலகச் சதுரங்க சாம்பியன் ஆனார். வயது 18. நம் ஊர்ப் பிள்ளை வென்றான் என்று, பிழைப்புத் தேடிச் சென்ற இடங்களிலெல்லாம் நாமும் மகிழ்ந்தோம். மகிழ்ந்தது நியாயமே. ஆனால் இனிப்பு வழங்கியதோடு நம் கடமை முடிந்துவிட்டதா? ஒரு கிராண்ட்மாஸ்டர் எப்படி உருவாகிறார், அவருக்காகப் பணம் கட்டுவது யார் என்று உழைக்கும் குடும்பங்கள் கேட்க வேண்டாமா?

"சதுரங்கத்துக்கு என்ன பெரிய செலவு? ஒரு பலகை, 32 காய்கள். ஏழைக்கேற்ற ஆட்டம்" என்று சொல்வோர் உண்டு. பலகையின் விலையைத்தான் அவர்கள் பார்க்கிறார்கள். பயணத்தின் விலையைப் பார்ப்பதில்லை.

கிராண்ட்மாஸ்டர் பட்டம் வீட்டுத் திண்ணையில் கிடைப்பதன்று. 2500 புள்ளித் தரத்தை எட்ட வேண்டும். அதோடு, கிராண்ட்மாஸ்டர்களும் பிற நாட்டு ஆட்டக்காரர்களும் போதிய அளவில் கலந்துகொள்ளும் போட்டிகளில் மூன்று முறை தகுதி காட்ட வேண்டும். அப்படிப்பட்ட போட்டிகளைத் தேடி ஊர் ஊராக, நாடு நாடாக அலைய வேண்டும். ஆடுகிறவன் சிறுவன் என்றால் கூடவே பெரியவர் ஒருவரும் போக வேண்டும். பயணச் செலவு, தங்கும் செலவு, நுழைவுக் கட்டணம், பயிற்சியாளர் ஊதியம் என எல்லாம் பட்டம் வருவதற்கு முன்பே செலவாகிவிடும் பணம்.

குகேஷின் தந்தை மருத்துவர். மகனோடு பயணம் செய்வதற்காகத் தம் தொழிலையே நிறுத்தினார். தாயின் வருமானத்தில் குடும்பம் நடந்தது, நண்பர்களும் கைகொடுத்தனர். பிரக்ஞானந்தா, வைஷாலி இருவரின் தந்தை கூட்டுறவு வங்கி ஊழியர். பிள்ளைகளோடு நாடு நாடாகச் சென்றவர் தாய். அந்தப் பெற்றோரின் தியாகத்தை நாம் போற்றுகிறோம். அதே மூச்சில் ஒன்று கேட்கிறோம்: மருத்துவர் குடும்பமே இவ்வளவு இழக்க வேண்டியிருந்தது என்றால், ஒரு நாள் வேலைக்குப் போகாவிட்டால் அன்றைய அடுப்பு எரியாத குடும்பம் என்ன செய்யும்?

இந்தக் கேள்வி புதிதன்று. 1929ஆம் ஆண்டிலேயே இதற்கு ஒரு சான்று உண்டு.

பஞ்சாபின் மித்தா திவானா ஊரைச் சேர்ந்தவர் மீர் சுல்தான் கான். நம் நாட்டு முறைச் சதுரங்கம் ஆடிப் பழகியவர். அந்த முறையில் சிப்பாய் முதல் நகர்த்தலில் இரண்டு கட்டம் தாண்டாது. விதிகளில் வேறுபாடு பல. பெருநிலக்கிழார் சர் உமர் ஹயாத் கானின் ஆதரவில் இருந்த அவர், 1929இல் அவரோடு லண்டன் சென்றார். அதே ஆண்டு, பழக்கமில்லாத மேலை விதிகளில் ஆடிப் பிரிட்டிஷ் சாம்பியன் ஆனார்! 1932இலும் 1933இலும் மீண்டும் வென்றார். ஹேஸ்டிங்ஸ் போட்டியில், உலக சாம்பியனாக இருந்த கப்பாபிளாங்காவையே தோற்கடித்தார். 1930, 1931, 1933 ஆகிய மூன்று ஒலிம்பியாடுகளில் இங்கிலாந்து அணியின் முதல் பலகையில் அமர்ந்தவர் இவரே. ஆளுகிற நாட்டின் அணிக்கு ஆளப்படுகிற நாட்டுக்காரர் தலைமை ஆட்டக்காரர்! அதே மாளிகையில் பணிபுரிந்த பாத்திமா என்ற இளம்பெண்ணும் 1933இல் பிரிட்டிஷ் பெண்கள் சாம்பியன் ஆனார்.

பிறகு நடந்தது என்ன? 1933 இறுதியில் புரவலர் நாடு திரும்பினார். சுல்தான் கானும் திரும்பினார். அத்தோடு அவருடைய உலக ஆட்டம் முடிந்தது. ஐந்தே ஆண்டுகள்! மூளை மங்கியதாலா? இல்லை. கப்பல் சீட்டு வாங்கும் கை விலகியது, அவ்வளவுதான்.

அவர் அந்த வீட்டில் வெறும் வேலையாளாக இருந்தார் என்று பலர் எழுதியதை அவருடைய குடும்பத்தார் இன்று மறுக்கின்றனர். அது எப்படியாயினும், எங்கே ஆடுவது, எப்போது திரும்புவது என்பதெல்லாம் புரவலரின் போக்குவரவைப் பொறுத்தே அமைந்தது என்பதை மறுக்க இயலாது. 1950இல் உலகச் சதுரங்கக் கூட்டமைப்பு முதன்முதலாக 27 பேருக்குக் கிராண்ட்மாஸ்டர் பட்டம் வழங்கியபோது சுல்தான் கான் உயிரோடு இருந்தார். அவருக்குப் பட்டம் இல்லை. 1966இல் மறைந்தார். கௌரவப் பட்டம் வந்தது 2024இல், மறைந்து 58 ஆண்டுகள் கழித்து! புரவலரின் தயவு ஒருவரை மேடையில் ஏற்றும். அங்கே நிலைக்க வைக்காது.

இதற்கு நேர்மாறான ஒரு வழியும் உண்டு. 1935இல் பர்மாவில் பிறந்து, தமிழகத்தில் வளர்ந்தவர் மானுவல் ஆரோன். 1961இல் இந்தியாவின் முதல் சர்வதேச மாஸ்டர் ஆனார். ஒன்பது முறை தேசிய சாம்பியன். அவருக்குச் சோறு போட்டது பரிசுப் பணமன்று, வங்கி வேலை. சென்னையில் சோவியத் பண்பாட்டு மையத்தில் 1972இல் அவர் தொடங்கிய தால் சதுரங்கக் கழகத்தில் ஆடிய சிறுவர்களுள் ஒருவர்தான் விசுவநாதன் ஆனந்த். 1988இல் ஆனந்த் நாட்டின் முதல் கிராண்ட்மாஸ்டர் ஆனார். இன்று நாட்டின் கிராண்ட்மாஸ்டர்கள் 80 பேரைத் தாண்டிவிட்டனர். மாதச் சம்பளமும், எவரும் வந்து அமரக்கூடிய ஒரு பொதுக்கூடமும் செய்த வேலை இது.

பட்டம் வந்தபின்னும் பாடு தீர்வதில்லை. கோடிகள் பார்ப்போர் உச்சியில் உள்ள ஒரு சிலரே. மற்றவர்கள் பயிற்சி கொடுத்தும், வெளிநாட்டுக் கழகங்களுக்காக ஆடியும் காலம் தள்ளுகின்றனர். ரயில்வேயும் பெட்ரோலியப் பொதுத்துறை நிறுவனங்களும் விளையாட்டு வீரர்களுக்குத் தரும் வேலைதான் பலருக்கு ஊன்றுகோல். பொதுத்துறை சுருங்கினால் இந்த ஊன்றுகோலும் முறியும் என்பதை மறக்கலாகாது.

ஆகவே நாம் சொல்வது இதுதான். நம் பிள்ளைகளுக்குப் புரவலர் வேண்டாம், உரிமை வேண்டும். தொழிலாளர் குடியிருப்பு ஒவ்வொன்றிலும் படிப்பகமும், அதில் பலகையும் கடிகாரமும் இருக்கட்டும். கூலிக் குடும்பத்துப் பிள்ளைகளுக்கு நுழைவுக் கட்டணம் தள்ளுபடியாகட்டும். பிள்ளையோடு போட்டிக்குச் செல்லும் தாய்க்கோ தந்தைக்கோ சம்பளத்தோடு விடுப்பு வேண்டும். "நீ இங்கே படிக்கவில்லை" என்று சொந்த மாநிலமும், "நீ வெளியூரான்" என்று வந்த மாநிலமும் மாறி மாறிக் கதவைச் சாத்தும் நிலை எந்தப் பிள்ளைக்கும் வரக்கூடாது. இரண்டு அரசுகளும் இதற்குப் பொறுப்பேற்க வேண்டும்.

அரசு செய்யட்டும் என்று நாம் கைகட்டி நிற்கவும் வேண்டாம். சங்கத்தின் ஒவ்வொரு கிளையும் ஞாயிறு மாலைகளில் நான்கு பலகைகளை விரித்து வைக்கலாம். ஆண் பிள்ளைகளோடு பெண் பிள்ளைகளையும் உட்கார வையுங்கள். எல்லோரும் கிராண்ட்மாஸ்டர் ஆகப் போவதில்லை, ஆகவும் வேண்டியதில்லை. ஆனால் ஆகக்கூடிய ஒரு பிள்ளை, பயணச் சீட்டுக்குக் காசில்லாத ஒரே காரணத்தால் பாதியில் எழுந்து போகுமானால், அது அந்தப் பிள்ளையின் தோல்வியன்று. நம் அனைவரின் தோல்வி!