‘தீவார்’ அம்மாவும் நம்ம ஊர்ப் பெரியவர்களும்

போன வாரம் மலைக்கோட்டை அடிவாரத்தில் காலை நடையை முடித்துவிட்டு வழக்கமான டீக்கடையில் உட்கார்ந்திருந்தோம். பேப்பரில் ஒரு வெட்டுக்குத்துச் செய்தி. எங்கள் கோஷ்டியில் மூத்தவர் உடனே ஆரம்பித்துவிட்டார்.

“எல்லாம் சினிமா பண்ற வேலை சார். ரவுடியை ஹீரோவாக் காட்டுறான். கூடவே அம்மா சென்டிமென்ட். பயலுக கெட்டுப்போகாம என்ன செய்வானுக?”

எல்லோரும் தலையாட்டினார்கள். நான் ஆட்டவில்லை. அங்கே வாதாட மனமில்லை. அதனால் இங்கே எழுதுகிறேன்.

இந்த வகைப் படங்களுக்கு மூத்த அண்ணன் 1975-ல் வந்த ஹிந்திப் படம் ‘தீவார்’. சலீம்-ஜாவேத் எழுத, யஷ் சோப்ரா இயக்கியது. நம் ஊர்க்காரர்களுக்கு 1981-ல் ரஜினி நடித்த ‘தீ’ என்றால் சட்டென்று புரியும். அதே கதைதான். அமிதாப் நடித்த பாத்திரத்துக்கு ஹாஜி மஸ்தானின் சாயல் உண்டு என்பார்கள். அவர் நம் ராமநாதபுரம் பக்கத்துப் பனைக்குளத்தில் பிறந்து, பம்பாய்த் துறைமுகத்தில் மூட்டை தூக்கியவர்.

எனக்கு ஹிந்தி வராது. ஆங்கில சப்டைட்டிலை வைத்துக்கொண்டுதான் ‘தீவார்’ பார்த்தேன். பார்த்தபோது எனக்கு ஒன்று உறைத்தது. இந்தப் படத்தை நாம் பாதிதான் பார்த்திருக்கிறோம்.

தாய் சித்தாள் வேலை செய்து இரண்டு பையன்களை வளர்க்கிறாள். மூத்தவன் கடத்தல்காரன் ஆகிறான், இளையவன் போலீஸ். அம்மா எந்தக் கட்டடத்துக்குச் செங்கல் சுமந்தாளோ அந்தக் கட்டடத்தையே மூத்தவன் அவளுக்காக விலைக்கு வாங்குகிறான். தியேட்டரில் விசில் பறந்தது இதற்குத்தான். ஆனால் பணம் வந்த வழி தெரிந்ததும் அந்தத் தாய் என்ன செய்தாள்? இளையவனோடு அந்தப் பங்களாவை விட்டு வெளியேறிவிட்டாள். அதற்கு யாரும் விசில் அடித்ததாக எனக்கு நினைவில்லை.

இன்னொரு காட்சி. ரொட்டி திருடிக்கொண்டு ஓடிய பையனைப் போலீஸ் தம்பி காலில் சுட்டுவிடுகிறான். மனசு கேட்காமல் சாப்பாடு வாங்கிக்கொண்டு அவன் வீட்டுக்குப் போகிறான். பையனின் தாய், பெரிய திருடர்களை விட்டுவிட்டு எங்களிடம் வந்தாயா என்று சபிக்கிறாள். தகப்பனோ அவளை அதட்டுகிறார். சின்னதோ பெரிதோ, திருட்டு திருட்டுதான் என்கிறார். அவர் யார்? ஓய்வுபெற்ற வாத்தியார். ஏ.கே.ஹங்கல் நடித்திருக்கிறார். அந்த வீட்டிலிருந்து திரும்பிய பிறகுதான் தம்பி தன் அண்ணன்மேல் உள்ள வழக்கையே கையில் எடுக்கிறான். 33 வருஷம் சாக்பீஸ் பிடித்த எனக்கு அமிதாப்பை விட ஹங்கல்தான் மனதில் நின்றார்.

1987 தீபாவளிக்கு வந்த ‘நாயகன்’ படத்தில் வேலு நாயக்கரின் மகள், இந்த வாழ்க்கை வேண்டாம் என்று அப்பாவை விட்டே போகிறாள். கடைசியில் அவரைச் சுடுவது, அவர் கொன்ற இன்ஸ்பெக்டரின் மகன். 1999-ல் வந்த ‘வாஸ்தவ்’ படத்தில் பெற்ற தாயே மகனைச் சுடுகிறாள். மூன்று படத்திலும் வேண்டாம் என்று சொன்னது குடும்பம்தான். மெதுவாக நடந்து வருவது, பின்னணி இசை, சிகரெட் எல்லாம் ரவுடிக்குப் பெருமை சேர்க்கின்றன, அதை மறுக்கவில்லை. ஆனாலும் தீர்ப்பைப் படம் மறைக்கவில்லை. அதைத் திரையரங்கிலேயே விட்டுவிட்டு வந்தது நாம்.

இப்போது நம் ஊருக்கு வருகிறேன். என்னிடம் படித்தவன் ஒருவன் பூ மார்க்கெட் பக்கம் வட்டிக்கு விடுகிறான். காலையில் 900 ரூபாய் கொடுப்பான், சாயங்காலம் 1000 ரூபாய் வைக்க வேண்டும். வைக்காவிட்டால் ஆள் வரும். 2003-லேயே கந்துவட்டித் தடைச் சட்டம் வந்துவிட்டது, மூன்று வருஷம் வரை ஜெயில் உண்டு. அவனுக்கும் இது தெரியும். ஒருநாள் கேட்டேன். “எல்லாம் குடும்பத்துக்காகத்தான் சார்” என்றான். பூக்காரம்மாவுக்குக் குடும்பம் இல்லையா என்று கேட்டிருக்க வேண்டும். கேட்கவில்லை.

அந்தக் குடும்பம் என்ன செய்தது? அம்மா புதுச் சங்கிலியைப் போட்டுக்கொண்டு கோவிலுக்குப் போனார். அப்பா, பையன் பைனான்ஸ் பண்றான் என்று சொல்லிக்கொண்டார். சொந்தக்காரர்கள் பெண் கொடுத்தார்கள். திருவிழாக் கமிட்டி நன்கொடை வாங்கி, அவன் பெயரை நோட்டீசில் கொட்டை எழுத்தில் போட்டது. அவனைக் கெடுத்தது எந்த சினிமா, சொல்லுங்கள்!

பிறரைச் சொல்லி நான் தப்பிக்கப் போவதில்லை. அவன் புதுவீடு கட்டிக் குடிபுகுந்தபோது எனக்கும் பத்திரிகை வந்தது. போனேன். ‘எங்க சார்’ என்று என்னை முன்வரிசையில் உட்கார வைத்தான். பிரியாணி சாப்பிட்டேன், 501 ரூபாய் மொய் எழுதினேன், போட்டோவுக்கும் நின்றேன். அந்தப் போட்டோ இன்று அவன் ஹாலில் மாட்டியிருக்கிறதாம். பணம் கட்ட முடியாமல் தவணை கேட்டு அந்த வீட்டுக்குப் போகும் பூக்காரம்மா அதைப் பார்ப்பார் அல்லவா? வாத்தியாரே இவன் பக்கம் என்றுதானே நினைப்பார்? படத்தில் வந்த வாத்தியார் வீட்டில் அன்றைக்குச் சோறு இல்லை. ஆனாலும் சொல்ல வேண்டியதைச் சொன்னார். மாதம் பிறந்தால் பென்ஷன் வாங்கும் நான் வாயை மூடிக்கொண்டு சாப்பிட்டேன்.

ஆகவே, நடைத் தோழர்களே, படத்தைத் தடை செய் என்று மனுப் போடுவதற்கு முன்னால் நாம் எந்தெந்தப் பந்தியில் உட்கார்ந்தோம் என்று ஒரு கணக்குப் போடுவோம். வீட்டுக்கு வரும் பணத்தைப் பார்த்து, ‘இது ஏதுப்பா?’ என்று ஒரு வார்த்தை கேட்போம்.

அடுத்த மாதம் அவன் மகளுக்குக் காதுகுத்து. நேரில் வந்து, பத்திரிகையைக் கையில் கொடுத்து, காலில் விழுந்து கும்பிட்டுவிட்டுப் போனான். நான் போகப் போவதில்லை. ஏன் சார் வரவில்லை என்று கேட்பான். இந்தத் தடவை காரணத்தைச் சொல்லிவிடுவேன். அந்தப் போட்டோவையும் கழற்றச் சொல்வேன்.